பக்கம் 212-இல் ஒரு கட்டம்

ஒரு பாடத்துக்கு ஒரு புத்தகம்தான் மண்டைக்குள் நிற்கும். இரண்டாவதை ஏற்றினால் இரண்டும் அடித்துக்கொள்ளும். புத்தகத்தை நேரே மண்டைக்குள் ஏற்றுகிற ஊன்றல் வந்த புதிதில் இது தெரியாமல், ஆசைக்கு மூன்று நான்கு என்று ஏற்றிக்கொண்டவர்கள் கணினி முன்னால் உட்கார்ந்து, வலது கை ஒரு பக்கமும் இடது கை ஒரு பக்கமும் இழுக்க, பேந்தப் பேந்த விழித்தார்கள். சிலருக்குத் திக்குவாய் வந்தது. அதற்கப்புறம் சட்டம் வந்தது. ஒரு பாடம், ஒரு புத்தகம், ஆயுளுக்கு ஒரே தடவை. ஊன்றியதைப் பிடுங்க வழியும் கிடையாது. கல்யாணத்துக்குக்கூட இவ்வளவு கறார் இல்லை.

அப்படியானால் எந்தப் புத்தகம் என்று சொல்ல ஓர் ஆள் வேண்டுமே. கோவை சரவணம்பட்டியில், கருவூலம் ஊன்று நிலையத்தின் முதல் மாடியில் அந்த ஆள் உட்கார்ந்திருந்தாள். பெயர் பூங்கோதை. வயது நாற்பத்து நான்கு. கதவில் ‘நூல் தேர்வாளர்’ என்று பலகை. கீழே தரைத்தளத்தில் ஆட்கள் நாற்காலியில் சாய்ந்து, தலையில் தொப்பியை மாட்டிக்கொண்டு, நாற்பது நிமிடத்தில் நானூறு பக்கத்தை வாங்கிக்கொண்டு எழுந்து போவார்கள். மேலே இவள் ஒருத்தி மட்டும் பழைய முறையில், கண்ணால், ஒவ்வொரு பக்கமாகப் படித்துக்கொண்டிருப்பாள். அதுதான் அவள் உரிமத்தின் நிபந்தனை. எந்தப் பாடத்துக்குப் புத்தகம் தேர்ந்தெடுக்கிறாளோ அந்தப் பாடத்தில் அவள் எதையும் ஊன்றியிருக்கக் கூடாது. ஊன்றிவிட்டால் அந்தப் புத்தகம்தான் உலகத்திலேயே சிறந்தது என்று தோன்றிவிடுமாம்.

அவளுடைய பாடம் ஓடம். மென்பொருள் கட்டுவதற்கான சட்டகம். வீடு கட்டச் சாரம் கட்டுவதுபோல, மென்பொருளுக்கு முன்னால் கட்டிக்கொள்கிற சாரம் என்று வையுங்கள். மனிதர் எழுதி, மனிதர் சரிபார்த்த கட்டளை வரிகள்தான், அதாவது நிரல்தான், செல்லும் என்று சட்டம் போட்ட பிறகு ஊரில் பாதிப் பேருக்கு ஓடத்தில் வேலை இருந்தது. ஆஸ்பத்திரி முன்பதிவா, பள்ளிச் சேர்க்கையா, பஸ் சீட்டா, எல்லாம் ஓடத்தில்தான்.

ஓடத்துக்குப் பதினேழு புத்தகங்கள் இருந்தன. பதினேழையும் பூங்கோதை அட்டை முதல் அட்டை வரை படித்திருந்தாள். அதில் ஐந்து, எழுதியவருக்கே புரியாதவை. நான்கு, அந்த ஐந்தைப் பார்த்து எழுதியவை. ‘ஓடம்: முழுக் கையேடு’ என்று ஒன்று, ஆயிரத்து நானூறு பக்கம், ஒவ்வொரு வரிக்கும் ‘இது பழுதானால்’ ‘அது அறுந்துபோனால்’ என்று மூக்கால் அழும். அதை அவள் யாருக்கும் சொன்னதில்லை. அவள் சொன்னது ஒன்றே ஒன்று: ‘தெளிந்த ஓடம்’. அளவான புத்தகம், அழகான எடுத்துக்காட்டுகள், ஒரு சொல் கூடுதல் கிடையாது. ஆறு வருடத்தில் அதைப் பதினோராயிரம் பேருக்குச் சொல்லியிருக்கிறாள். பதினோராயிரம் பேருக்கும் வேலை கிடைத்தது. தீபாவளிக்கு அவள் வீட்டில் இனிப்புப் பெட்டி வைக்க இடம் இருக்காது.

இத்தனை நல்ல பெயர் ஒருத்திக்கு ஆகாது என்று நினைத்தாற்போல, தொல்லை அவளுடைய அண்ணன் வழியாக வந்தது.

அண்ணன் சென்னியப்பன் மோட்டார் ரீவைண்டிங் கடை வைத்திருந்தவர். சிறுநீரகம் இரண்டும் கைவிட்டு ஒன்றரை வருடம். வாரம் இரண்டு தடவை டயாலிசிஸ். ஒரு திங்கட்கிழமை காலை எட்டு மணிக்குப் பூங்கோதை அவரைக் கூட்டிக்கொண்டு போனபோது, கவுன்டரில் இருந்த நர்ஸ் திரையை மேலும் கீழும் தள்ளிப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினாள்.

"அண்ணன் பேரே இல்லீங்களே."

"போன்ல வந்திருக்குதுங்க, பாருங்க." பூங்கோதை காட்டினாள். உங்கள் முன்பதிவு சேமிக்கப்பட்டது. பக்கத்தில் பச்சை நிறத்தில் ஒரு சரிக்குறி வேறு.

"அது எல்லாத்துக்கும் அப்படித்தானுங்க சொல்லும். போன வாரம் மட்டும் ஏழு பேரு இப்படி வந்து நின்னாங்க. நேர்ல வந்து ஒருக்கா கேட்டுக்கிட்டுப் போயிருங்க."

அவருக்கு இப்படிப் பேர் விடுபடுவது மூன்றாவது தடவை. மிஷின் காலியாகச் சாயங்காலம் ஆகிவிட்டது. அதற்குள் சென்னியப்பனின் கால் இரண்டும் வீங்கி, செருப்புக்குள் நுழையவில்லை. மூச்சு வாங்கியது. "வெசனப்படாத அம்முணி," என்று அவர்தான் இவளைத் தேற்றினார். பூங்கோதைக்கு உட்கார முடியவில்லை, நிற்க முடியவில்லை. வராந்தாவில் நடந்துகொண்டே இருந்தாள். சுவரில் இருந்த பலகையை நாற்பது தடவை படித்தாள்.

அந்த முன்பதிவு மென்பொருளை எழுதிய நிறுவனத்தில் தமயந்தி இருந்தாள். மூன்று வருடத்துக்கு முன் பூங்கோதையிடம் புத்தகம் கேட்டு வந்தவள், இப்போது அங்கே குழுத் தலைவி. மறுநாளே பூங்கோதை போய் நின்றாள்.

"என்னக்கா, திடீர்னு? ஒரு போன் பண்ணியிருந்தா நானே வந்திருப்பனே."

"முன்பதிவைச் சேமிக்கிற நிரலைக் கொஞ்சம் காட்டு கண்ணு. சும்மா பாத்துட்டுப் போறேன்."

காட்டினாள். பூங்கோதைக்கு அந்த வரிகளை எங்கே பார்த்தோம் என்று யோசிக்க வேண்டியிருக்கவில்லை. ‘தெளிந்த ஓடம்’, பக்கம் 212, நடு எடுத்துக்காட்டு. அச்சு அசலாக அதே வரிகள். சேமி என்று ஒரு வரி. அடுத்த வரி, சேமிக்கப்பட்டது என்று காட்டு. சேமித்ததா என்று இரண்டுக்கும் நடுவே யாரும் கேட்கவில்லை.

"இதுல பாதியக் காணமே," என்றாள் பூங்கோதை.

தமயந்தி திரையைப் பார்த்தாள். தலையைச் சாய்த்துப் பார்த்தாள். "எதுங்கக்கா? சரியாத்தான இருக்குது."

"சேமிக்க முடியாமப் போச்சுன்னா?"

"சேமின்னு சொன்னா சேமிக்குமுங்க. அதுக்குத்தான ஓடம்."

"கிரைண்டர் சுவிட்சைப் போட்டுட்டு, கரண்ட் இருக்குதான்னு பாக்காமலே மாவு ஆச்சுன்னு சொல்ற மாதிரி இருக்குது தமயந்தி."

தமயந்தி மரியாதைக்குச் சிரித்தாள். நல்ல பெண். பெரியவர்கள் சொன்னால் கேட்கிறவள். பூங்கோதை சொல்லச் சொல்ல, ‘சேமிப்பு தவறினால்’ என்று ஐந்து வரி எழுதிச் சேர்த்தாள். எழுதும்போது அவள் விரல்கள் மேடு ஏறுகிற சைக்கிள்போலத் திணறின. பூங்கோதை கொஞ்சம் நிம்மதியோடு வீட்டுக்குப் போனாள்.

இரண்டு நாள் கழித்துப் போன் செய்தாள். "அந்த அஞ்சு வரி இருக்குதா கண்ணு?"

"எந்த அஞ்சு வரிங்கக்கா? ஓ, அதுங்களா. நேத்து நிரலைப் பாத்தப்ப என்னமோ தேவையில்லாமக் கெடந்துது. நாந்தான் எடுத்துட்டேன். சரிபாக்கறவங்களும் எடுத்தது சரிதான்னு சொல்லிட்டாங்க."

சரிபார்க்கிறவர்கள் யார்? அவர்களும் பூங்கோதையிடம் புத்தகம் கேட்டு வந்தவர்கள்தான்.

அவள் புத்தகத்தை எடுத்து 212-ஆம் பக்கத்தைப் பிரித்து மேசைமேல் வைத்துக்கொண்டாள். எடுத்துக்காட்டின் அடியில் பொடி எழுத்தில் ஒரு கட்டம். ‘குறிப்பு: இடம் கருதி, சேமிப்பு தவறினால் செய்ய வேண்டியதை இங்கே விட்டுவிட்டோம். உங்கள் நிரலில் கட்டாயம் எழுதுங்கள்.’ ஆறு வருடத்துக்கு முன்பு கண்ணால் படித்தபோது இந்தக் கட்டத்தையும் அவள் படித்திருந்தாள். படித்து, மனதில் சேர்த்துக்கொண்டு, அடுத்த பக்கத்துக்குப் போய்விட்டாள். ஊன்றுகிற இயந்திரம் இதை எடுத்துக்கொண்டதா என்று கேட்க அவளுக்குத் தோன்றவேயில்லை. எப்படித் தோன்றும்? அவள்தான் தொப்பியை மாட்டியதே இல்லையே. அன்று அவளுக்குச் சோறு இறங்கவில்லை. தட்டைக் கழுவிவிட்டு, கழுவியது தெரியாமல் மறுபடியும் கழுவினாள்.

நிலையத்தின் மேலாளர் ஆறுச்சாமி. நல்ல மனிதர், ஆனால் எதையும் இரண்டு பேர் சொன்னால்தான் நம்புவார். பூங்கோதை காலையில் போனில் சொன்னதையே, புத்தகத்தை அவர் முன் வைத்து முழுக்கச் சொன்னாள். அவர் கட்டத்தை விரலால் தடவிப் பார்த்தார்.

"இயந்திரம் பக்க எண், விளம்பரம், ஓரத்துல இருக்கற பூ வேலை இதையெல்லாம் வடிகட்டிரும்ங்க. முக்கியமானதை விடாது. அப்படித்தான் செஞ்சு குடுத்தவங்க சொல்லியிருக்காங்க."

"கட்டம் கட்டிப் பொடி எழுத்துல இருந்தா அதுக்கு விளம்பரம் எது, குறிப்பு எதுன்னு தெரியுமுங்களா?"

"நானும் அதைத்தான் கேட்டேன். நீங்க போன் பண்ணினதுமே கீழ எட்டுப் பேரைக் கூப்பிட்டு இந்தக் கட்டத்தைக் காட்டுனேன். எட்டுப் பேரும் படிச்சுப் பாத்துட்டு, இது தேவையில்லாத பயம்னு சிரிச்சாங்க." ஆறுச்சாமி குரலைத் தாழ்த்தினார். "தப்பா எடுத்துக்காதீங்க மேடம். ஓடம் தெரிஞ்ச பதினோராயிரம் பேரு வேண்டாங்கறாங்க. ஓடம் ஊன்றாத நீங்க ஒருத்தர் வேணுங்கறீங்க. நான் யார் பேச்சை எடுத்துக்கறது?"

பூங்கோதைக்குக் கோபம் சுள்ளென்று வந்தது. வந்த வேகத்தில் இறங்கியும் போனது. அவர் கேட்டதில் தப்பில்லை. வெளியே இருந்து பார்த்தால் அவள் சமைக்கத் தெரியாமல் உப்பு இல்லை என்று சொல்கிறவள்.

"இதை எப்படித்தான் நிரூபிக்கறது?"

"விதியில ஒரு வழி இருக்குதுங்க. முன்-பின் சோதனை. குறை தெரிஞ்ச ஒருத்தர், ஊன்றறதுக்கு முன்னாடி அதை எழுதிக் குடுக்கணும். அப்புறம் அதே புத்தகத்தை ஊன்றிக்கிட்டு, அதே நிரலைப் பாக்கணும். முன்னாடி தெரிஞ்சது பின்னாடி தெரியலைன்னா, தப்பு புத்தகத்து மேல. அன்னிக்கே நிறுத்திருவாங்க. ஊன்றாத கண்ணுள்ளவங்களை வெச்சு எல்லா நிரலையும் திரும்பப் படிக்கச் சொல்லி உத்தரவு போயிரும்."

ஓடத்தைக் கண்ணால் படித்தவர்கள் மாநிலத்தில் மூன்றே பேர், மூவரும் தேர்வாளர்கள். மற்ற இருவருக்கும் பூங்கோதை போன் செய்தாள். விஷயத்தைச் சொன்னதும் ஒருவருக்கு வீட்டில் விருந்தாளி வந்துவிட்டார். இன்னொருவர் அடுத்த அழைப்பிலிருந்து எடுக்கவே இல்லை. அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது. ஊன்றினால் உரிமம் போகும். குறையைப் பார்க்கிற கண்ணும் போகும். அதற்கப்புறம் ஆயுள் முழுக்க 212-ஆம் பக்கம் அழகாகத்தான் தெரியும்.

"வேண்டாமுங்க மேடம்," என்றார் ஆறுச்சாமி. "பதினெட்டு வருச வேலை. ஒரு ரெண்டு மாசம் பொறுங்க, மேல எழுதிப் பாக்கலாம்."

"எங்கண்ணனுக்கு இன்னும் ரெண்டு தடவை தவறுச்சுன்னா ரெண்டு மாசம் இருக்காதுங்க. அந்தப் புத்தகத்தைச் சொன்னது நான். இன்னொருத்தரை உக்காரச் சொல்ல எனக்கு வாயில்லை."

வியாழக்கிழமை காலை வைத்துக்கொண்டார்கள். ஊன்றிய நாளில் வண்டி ஓட்டக் கூடாது என்பதால் சென்னியப்பன் தன் பழைய காரில் கூட்டிக்கொண்டு வந்து வரவேற்பறையில் உட்கார்ந்தார். என்ன, ஏது என்று முழுக்க அவருக்குப் புரியவில்லை. தங்கை ஏதோ பரீட்சை எழுதுகிறாள் என்று எடுத்துக்கொண்டார்.

மேலே, கேமரா முன்னால், பூங்கோதை எழுதினாள். ‘இந்த நிரல் சேமித்ததா என்று பார்க்காமலே சேமித்துவிட்டேன் என்று பொய் சொல்கிறது. இதனால் நோயாளிகள் சிகிச்சை இழக்கிறார்கள். 212-ஆம் பக்கத்துக் குறிப்பு இல்லாமல் இந்தப் புத்தகத்தை யாருக்கும் ஊன்றக் கூடாது.’ எழுத்து நேராக விழவில்லை. மூன்று தடவை திருப்பிப் படித்தாள். பயமாக இருந்தது. செத்துப்போகிற பயம் இல்லை. கொஞ்ச நேரத்தில் இந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கப் போகிறவள் வேறு ஒருத்தி என்கிற பயம். அவளிடம் இப்போதே ஏதாவது சொல்லி வைக்க வேண்டும்போல இருந்தது. என்ன சொல்வது என்று தெரியவில்லை.

எட்டு ஐம்பதுக்குத் தொப்பியை மேலேயே கொண்டுவந்து மாட்டினார்கள். வெதுவெதுப்பாக இருந்தது. பொன்வண்டு பறக்கிற மாதிரி காதோரம் ஒரு ரீங்காரம். ஒன்பதரைக்குக் கழற்றினார்கள்.

ஆறுச்சாமி திரையைத் திருப்பினார். "பாருங்க மேடம். நல்லா நிதானமாப் பாருங்க."

பூங்கோதை பார்த்தாள். அடடா, என்ன நேர்த்தி. சேமி. சேமிக்கப்பட்டது. இரண்டே வரி. இத்தனை வருடம் கண்ணால் படித்தபோது வெறும் வரிகளாக இருந்தது, இப்போது கையில் தவழ்கிற தண்ணீர்போல இருந்தது. ஓடம் என்றால் என்ன என்று அவளுக்கு இன்றைக்குத்தான் புரிந்தது. இதைப் போய்ப் பாதி என்று சொன்னோமே என்று வெட்கமாக வந்தது. அந்தக் கட்டத்தையும் படித்தாள். படிக்க முடிந்தது, அர்த்தமும் தெரிந்தது. ஆனால் ‘வெயிலில் போகும்போது குடை மறக்காதீர்கள்’ என்பதைப் போல, அக்கறையுள்ள, அவசியமில்லாத ஒரு பேச்சு.

"குறை தெரியுதுங்களா?"

"இல்லீங்க," என்றாள். அது சத்தியமான பதில்.

ஆறுச்சாமி நெற்றியைத் துடைத்துக்கொண்டார். காலையில் அவள் எழுதிய முறையீட்டையும் இன்னொரு காகிதத்தையும் எடுத்து வைத்தார். "விதிப்படி ரெண்டு வழி இருக்குது. முறையீட்டை நீங்க அப்படியே விட்டீங்கன்னா, சோதனையில புத்தகம் தோத்துதுன்னு எழுதி இன்னிக்கே நிறுத்திருவாங்க. இல்லை, முன்னாடி சொன்னது தெரியாத்தனத்துல சொன்னதுன்னு உங்களுக்கு இப்பத் தோணுச்சுன்னா, இந்த ரெண்டாவதுல கையெழுத்துப் போட்டுத் திரும்ப வாங்கிக்கலாம். படிச்சா அறிவு தெளியறது சகஜந்தானுங்க. யாரும் குறையா நெனைக்க மாட்டாங்க. உரிமம் போனாலும் ஓடத்துல இப்ப உங்களுக்கு நல்ல வேலை கெடைக்கும்."

பூங்கோதை பொய் சொல்லிப் பழகியவள் இல்லை. தனக்குத் தப்பென்று தெரிகிற முறையீட்டால் பதினோராயிரம் பேர் பிழைப்பில் மண் விழுவதை அவளால் எப்படிப் பார்த்துக்கொண்டிருக்க முடியும்? தமயந்தியின் முகம் நினைவுக்கு வந்தது. பேனாவை எடுத்தாள். சாட்சிக்குக் குடும்பத்தில் ஒருவர் வேண்டுமென்று சென்னியப்பனை உள்ளே கூப்பிட்டார்கள்.

அவர் சாய்ந்து சாய்ந்து நடந்து வந்து, இரண்டு காகிதத்தையும் படித்தார். முதலில் இருந்ததை இன்னொரு தடவை படித்தார்.

"இது உன்ற கையெழுத்துதானே?"

"ஆமாங்கண்ணா. காத்தால எழுதுனது."

"இப்ப அது தப்புங்கறயா?"

"தப்புன்னா, அவ்வளவு பெரிய விசயம் இல்லீங்கண்ணா. எனக்கு ஓடம் முழுசாத் தெரியாதப்ப எழுதுனது. இப்பத் தெரிஞ்சு போச்சு. அந்தக் குறிப்பு தேவையில்லை."

"தேவையில்லைன்னு எப்பத்துல இருந்து தோணுது அம்முணி?"

"ஒம்பதரை மணியில இருந்து."

சொன்ன பிறகுதான் அவள் காதில் அது விழுந்தது. இத்தனை நாள் ஆஸ்பத்திரி வராந்தாவில் நடந்து, பக்கத்தைப் பிரித்து, சோறு இறங்காமல் இருந்து வந்த ஓர் எண்ணம். அதைக் கலைக்க யாரும் ஒரு வாதம் சொல்லவில்லை, ஒரு கணக்குக் காட்டவில்லை. ஒன்பதரை மணிக்குத் தொப்பியைக் கழற்றினார்கள், அவ்வளவுதான். சென்னியப்பன் வீங்கின காலை முன்னால் நீட்டி நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார்.

பூங்கோதை திரையை மறுபடியும் பார்த்தாள். முழுசாக, அழகாக, ஒரு குறையும் இல்லாமல் இருந்தது. காலையில் எழுதிய காகிதத்தைப் பார்த்தாள். யாரோ ஒரு பதட்டக்காரி, எழுத்தெல்லாம் நடுங்க எழுதியிருந்தாள். இரண்டில் எதை நம்புவது என்று கேட்டால், அவள் மனம் கொஞ்சமும் தயங்காமல் திரையைத்தான் காட்டியது. இரண்டு தடவை பேனாவை மூடித் திறந்தாள்.

"திரும்ப வாங்கலீங்க," என்றாள். "முறையீடு இருக்கட்டும்."

"அப்ப குறை இருக்குதுன்னு சொல்றீங்களா?"

"எனக்குத் தெரியலீங்க. காத்தால இருந்தவளுக்குத் தெரிஞ்சிருக்குது. அவ எழுதுனதை அடிக்க எனக்கு உரிமை இல்லை."

ஆறுச்சாமி இரண்டாவது காகிதத்தை மடித்து மேசை அறைக்குள் போட்டுவிட்டு, நிறுத்த உத்தரவுக்கான எண்ணை அழுத்தினார். கீழே தரைத்தளத்தில் வரிசையில் நின்றவர்களை வீட்டுக்கு அனுப்புகிற சத்தம் கேட்டது. ஒருவன் சண்டைக்குப் போனான். கதவில் இருந்த பலகையைக் கழற்ற, ஆள் திருப்புளியோடு வந்து நின்றான்.

காரில் ஏறியதும் பூங்கோதைக்கு அழுகை வந்தது. எதற்கு என்று சரியாகத் தெரியவில்லை. செய்தது சரி என்று நம்பி அழவும் முடியவில்லை, தப்பு என்று நம்பி அழவும் முடியவில்லை. பதினோராயிரம் பேர் என்று மட்டும் ஒரு தடவை சொன்னாள். சென்னியப்பன் துண்டை எடுத்துக் கொடுத்தார்.

காந்திபுரம் சிக்னலில் அவர் போன் சிணுங்கியது. எடுத்துப் பார்த்துவிட்டு அவளிடம் நீட்டினார். நாளைக் காலை எட்டு மணி, டயாலிசிஸ். உங்கள் முன்பதிவு சேமிக்கப்பட்டது. பச்சையில் சரிக்குறி.

"இப்படியே ஆஸ்பத்திரிக்குப் போயி, பேரு இருக்குதான்னு நேர்ல ஒருக்கா கேட்டுக்கிட்டு வந்துரலாமா அம்முணி?"

பூங்கோதை திரையைப் பார்த்தாள். தெளிவாக இருந்தது.

"அதான் சேமிச்சாச்சுன்னு வந்திருச்சேங்கண்ணா. எதுக்கு வெயில்ல அலையறீங்க? வீட்டுக்குப் போலாம்."

பச்சை விளக்கு விழுந்தது. சென்னியப்பன் வண்டியை ஆஸ்பத்திரி ரோட்டில் திருப்பினார். இந்த மனுசனுக்கு எதற்கெடுத்தாலும் சந்தேகம் என்று நினைத்துக்கொண்டு, பூங்கோதை கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டாள்.